ஊத்தை பூசிய வீடு

குருநகர்க் கனிசியஸின் மகன் டினேஸ் பொய் சொல்லத் தெரியாத ஆள். இதைச் சொன்னால் இப்போது குருநகரில் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். வாயால் பொய் சொல்ல அவனுக்கு வராது. ஒரு சின்னப் பொய்க்கே காது இரண்டும் சிவந்துவிடும், தாய் சிசிலியா பிடித்துவிடுவாள். வாழ்நாளில் அவன் சொன்ன ஒரே பெரிய பொய்யைப் படமாகத்தான் சொன்னான். அந்தப் படத்தைச் செய்யப் பழக அவனுக்கு இருபது வருசம் எடுத்தது.

அவன் ரெண்டர் செய்கிறவன். கட்டாத வீட்டைக் கட்டி முடித்த வீடு போலக் கணினியில் செய்து காட்டுவது அவனுடைய தொழில். யாழ்ப்பாணத்தில் இன்றைக்கு எழும்புகிற பெரிய வீடுகளில் பாதிக்குச் சொந்தக்காரர் வேறு நாட்டில் இருக்கிறார். அவர் வரைபடத்தைப் பார்த்து ஓம் சொல்ல மாட்டார், படத்தைப் பார்த்துத்தான் சொல்வார். பிறகு அதே படத்தைப் பனராக அடித்து வளவு வாசலில் கட்டுவார்கள். வீடு எழும்புமட்டும் பனர் வெயிலில் வெளுத்துக்கொண்டிருக்கும். திருநெல்வேலியில், பலாலி வீதியோரம் ஒரு போட்டோக்கொப்பிக் கடைக்கு மேலே இருக்கிற அறையில்தான் டினேஸ் இந்த வீடுகளைச் செய்கிறான்.

இரண்டாயிரத்து ஐந்தில், பத்தொன்பது வயதில், யாழ்ப்பாண ரவுணில் களவாகப் பிரதி எடுத்த ஒரு சீடியோடு தொடங்கினான். அந்த நாள் மென்பொருளுக்கு வெளிச்சம் என்றால் என்னவென்று தெரியாது. வெயில் யன்னலால் வந்து நிலத்தில் விழும், விழுந்த இடத்திலேயே செத்துப்போகும். உண்மையில் அப்படியா நடக்கிறது? நிலத்தில் விழுந்த வெயில் எழும்பிச் சுவருக்குப் போகும், சுவரிலிருந்து முகட்டுக்குப் போகும், சிவப்புச் சீமெந்து நிலமென்றால் அந்தச் சிவப்பிலும் கொஞ்சத்தைக் கூட்டிக்கொண்டு போகும். கணினிக்கு இந்த நடமாட்டம் எதுவும் தெரியாததால் அறை மூலையெல்லாம் மை பூசினதுபோல் கறுத்துக் கிடக்கும். அதை மறைக்க டினேஸ் கதிரைக்குக் கீழே, அலுமாரிக்குப் பின்னால் என்று பார்க்கிறவர் கண்ணில் படாத இடங்களில் சின்னச் சின்ன விளக்குகளைக் கணினிக்குள் ஒளித்துவைத்தான். ஒரு விறாந்தைக்கு முப்பத்தேழு விளக்கு. எந்த விளக்குக்கு எவ்வளவு வெளிச்சம் என்று அறிய வீட்டுச் சுவரையே மணித்தியாலக்கணக்கில் பார்த்துக்கொண்டிருப்பான்.

"கடலுக்கு வாறதுக்குப் பஞ்சி. சுவரைப் பாத்துக்கொண்டிருக்கிறான்," என்பார் கனிசியஸ். அவர் படகுக்காரர். மகன் என்ன செய்கிறான் என்று கடைசிமட்டும் அவருக்கு விளங்கவில்லை. விளங்காததை வெறுக்கவும் இல்லை.

பிறகு சண்டையில் குடாநாட்டுப் பாதை பூட்டிய காலம் வந்தது. ஒரு படம் தொண்ணூறு வீதம் முடிந்து நிற்கும், கரண்ட் போய்விடும். திரும்ப முதலிலிருந்து தொடங்க வேண்டும். எத்தனையோ பேர் அந்தக் காலத்தில் பெரிய பெரிய இழப்புகளைத் தாங்கினார்கள், இது ஒரு இழப்பா என்று அவனே வெட்கப்பட்டு வாயைத் திறக்க மாட்டான். சண்டை முடிந்தது. வெளிநாட்டுக்காரர் வளவுகளைத் துப்புரவாக்கத் தொடங்கினார்கள். அதே நேரத்தில் மென்பொருளும் கண் திறந்தது. வெளிச்சம் சுவருக்குச் சுவர் துள்ளிப் போவதைக் கணினியே கணக்குப் போடப் பழகிவிட்டது. டினேஸ் முப்பத்தேழு விளக்கையும் ஒன்றொன்றாக அணைத்தான். அதற்காக அவன் கண்ணீர் விடவில்லை, பெரிய ஆறுதலாக இருந்தது. ஆனால் ஒரு படத்துக்குப் பதினொரு மணித்தியாலம் எடுத்தது. அவ்வளவு பொறுத்த பிறகும் மூலைகளில் மணல் தூவினதுபோல் புள்ளி புள்ளியாய் இருந்தது.

அந்தப் பதினொரு மணித்தியாலப் படங்களில் ஒன்றைத்தான் லண்டனில் இருந்த பண்டத்தரிப்புத் தம்பிஐயா பார்த்துவிட்டு, போனில் மனந்திறந்து பாராட்டினார்.

"நல்ல வடிவு தம்பி. ஆனா உது கம்பியூட்டர் வீடு எண்டு எங்கடை சின்னப் பேத்திக்கும் தெரியுது."

மனுசன் பகிடியாகச் சொன்னார், சொன்னதை மறந்தும் போயிருப்பார். டினேஸ் மறக்கவில்லை. அந்த வசனம் அவன் நெஞ்சில் மீன்முள்ளாகத் தைத்துக்கொண்டது. ஒரேயொரு மனிதனாவது தன் படத்தைப் பார்த்து அது போட்டோ என்று நம்ப வேண்டும் என்ற ஆசை அன்றைக்குப் பிடித்தது. காசு ஆசை, பெண் ஆசை எல்லாம் எங்களுக்குப் பழகின வியாதிகள், மருந்தும் தெரியும். இது ஒரு புது வியாதி.

இரண்டாயிரத்துப் பதினெட்டில் நல்ல கிராபிக்ஸ் கார்ட் ஒன்று வாங்கினான். பதினொரு மணித்தியாலம் பதினொரு நிமிசமானது, பிறகு நாலு நிமிசம். அதோடு கம்பஸில் படிக்கிற பொடியள் எல்லாரும் வீட்டுப்படம் செய்யத் தொடங்கினார்கள். வெளிச்சத்தைக் கணினி பார்த்துக்கொண்டது. கதிரை, மேசை, மரம் எல்லாம் இணையத்தில் சும்மா கிடைத்தன. இவன் படத்துக்கும் நேற்றுத் தொடங்கினவன் படத்துக்கும் வித்தியாசம் கண்டுபிடிக்க முடியவில்லை. எல்லார் வீடும் ஒரே மாதிரிப் பளபளத்தது.

ஒரு மாரிக்காலத்தில், மழை விட்ட பிறகு, குருநகர் ஒழுங்கையில் நடந்து வரும்போதுதான் அவனுக்குப் பொறி தட்டியது. பக்கத்து வீட்டு ஏசிக் குழாய்க்குக் கீழே சுவரில் ஒரு கறுப்பு வடிசல். மதிலின் அடியில் உப்புக் காற்றுப் பட்டுப் பெயின்ற் பொருக்கு வெடித்திருந்தது. யன்னல் கம்பியின் துரு மழையோடு கரைந்து ஒரு விரல் நீளத்துக்கு இறங்கியிருந்தது. டினேஸ் நனைந்த ஒழுங்கையில் நின்று தன் வீடுகளை நினைத்துப் பார்த்தான். அவன் செய்த வீடுகள் எல்லாம் அன்று காலைதான் பிறந்தவை. ஒரு மழையும் கண்டதில்லை.

அன்றிலிருந்து மோட்டார் சைக்கிளில் ஊர் ஊராகத் திரிந்து ஊத்தையைப் படமெடுத்தான். மானிப்பாய்ப் பக்கம் மதில் பாசி, பாசையூரில் துரு, திருநெல்வேலிச் சந்தைக்குப் பக்கத்தில் வெற்றிலை துப்பின சுவர். கணினியில் அதற்கு ஒரு கோப்புறை, பெயரும் ஊத்தைதான். இரண்டாயிரத்துக்கு மேல் படங்கள். ஒருமுறை டெங்குக் காலத்தில் ஒரு வீட்டு வாசலில் நின்று வாய்க்காலைப் படமெடுக்க, சுகாதாரப் பரிசோதகர் என்று நினைத்த வீட்டுக்காரி தேங்காய்ச் சிரட்டைகளைப் பொறுக்கிக்கொண்டு ஓடினாள். வீட்டில் சிசிலியா தலையில் கையை வைத்தாள். "ஊரிலை பிள்ளையள் வடிவான இடங்களுக்குப் போய்ப் படம் எடுக்குதுகள். இவன் கூரைப் பீலிக்குக் கீழை நிண்டு எடுக்கிறான்." ஆனால் படங்கள் மாறின. சுவர்களுக்கு வயது வந்தது.

இந்தத் தொழிலுக்குப் பக்கத்தில் அவனுக்கு ஒரு கடமையும் இருந்தது. தங்கை டிலக்ஷி. அவனைவிட ஒன்பது வயது இளையவள், குருநகரிலேயே முன்பள்ளி ஆசிரியை. கனிசியஸ் இரண்டாயிரத்துப் பதினாறாம் ஆண்டு நெஞ்சு வலியில் போய்விட்டார். படகை விற்று மானிப்பாயில் ஒரு சின்ன வளவு வாங்கினார்கள், டிலக்ஷிக்குச் சீதன வீடு கட்ட. எங்களுடைய ஊரில் பெட்டைக்கு வீடில்லாமல் கலியாணப் பேச்சு வாசற்படி தாண்டாது. தங்கை கரைசேருமட்டும் தமையன் கலியாணம் கட்டுவதும் இல்லை. அப்படித்தான் டினேஸ் முப்பத்தொன்பது வயதிலும் தாய் சமைத்ததைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். சுவர்கள் லிண்டல் மட்டத்துக்கு, அதாவது கதவு யன்னலுக்கு மேலே போடுகிற கொங்கிறீற்று மட்டத்துக்கு, வந்தபோது நாடு வங்குரோத்தாகியது. சீமெந்தும் கம்பியும் எட்டாத உயரத்துக்குப் போயின. கூரையில்லாத சுவர்களுக்குள் பக்கத்து வளவு ஆடுகள் குடிவந்தன.

அந்த வீட்டைத்தான் டினேஸ் தன் திறமை முழுவதையும் போட்டுப் படமாகச் செய்தான். தங்கையின் பிறந்தநாளுக்குக் காட்ட என்று தொடங்கினது. உண்மையான வளவில் நின்று எடுத்த போட்டோக்களை வைத்து, பக்கத்து வளவு மாமரம், லைற் போஸ்ட், ஒழுங்கை வளைவு எல்லாம் அப்படியே கொண்டுவந்தான். முன்னறைக்கு ஒரு ஏசி பூட்டினான், அதன் குழாய்க்குக் கீழே ஒரு வடிசல். கொடியில் ஒரு துவாய். மதிலோடு சாத்தின டிலக்ஷியின் சைக்கிள். முடித்துவிட்டுக் கதிரையில் சாய்ந்தபோது, இது கம்பியூட்டர் வீடு என்று எந்தப் பேத்தியும் சொல்ல முடியாது என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது.

போன தை மாதம் தரகர் மரியதாஸ் திருநெல்வேலி அறைக்கு ஏறி வந்தார். பிரான்சில் ஒரு பொடியன், பெயர் பிரகாஸ். குருநகரிலிருந்து தொண்ணூற்றோராம் ஆண்டு போன குடும்பம், இங்கே ஒட்டுறவென்று ஒருவரும் மிச்சமில்லை. பெட்டையின் படம் பிடித்துவிட்டது. தாய்க்கு வயதாகிறது, குளிர் ஒத்துவரவில்லை, வருசத்தில் பாதியை ஊரில் வந்து கழிக்க ஆசை. ஆகவே வீட்டைப் பற்றிக் கேட்கிறார்கள்.

"வீடு லிண்டலோடை நிக்குது அண்ணை," என்றான் டினேஸ்.

மரியதாஸின் கண் கணினியில் திறந்துகிடந்த படத்தில் இருந்தது. "உது ஆரின்ரை வீடு?"

"எங்கடைதான். முடிஞ்சா இப்பிடித்தான் வரும்."

"அனுப்பிவிடும் எனக்கு."

அனுப்பினான். இதுவரைக்கும் டினேஸில் ஒரு குற்றமும் இல்லை. முடிந்தால் இப்படித்தான் வரும் என்று வாயைத் திறந்து சொன்னான். அந்த ஒரு வசனத்தை மட்டும் மரியதாஸ் மாடிப்படியிலேயே விட்டுவிட்டுப் போனார், படம் பிரான்சுக்குப் போனது.

ஐந்தாம் நாள் பின்னேரம் பிரகாஸே வட்ஸ்அப்பில் எடுத்தான். தன்மையான குரல். தன் வேலையைப் பற்றி, தாயின் முழங்காலைப் பற்றிக் கதைத்தான். டிலக்ஷியோடு கதைத்தது தனக்கு நல்லாய்ப் பிடித்தது என்று கொஞ்சம் வெட்கத்தோடு சொன்னான். பிறகு கேட்டான்.

"மச்சான் எண்டே கூப்பிடலாமோ? குறை நினைக்காதேங்கோ, அம்மாதான் சொல்லச் சொன்னவ. வீடு நல்ல வடிவு. ஆனா அந்த ஏசிப் பைப்புக்குக் கீழை ஊத்தை வடிஞ்சு கிடக்கு. ஆரையும் பிடிச்சு ஒருக்காப் பெயின்ற் அடிச்சுவிடுங்கோவன்."

 அந்த ஊத்தையை டினேஸ் குருநகர் ஒழுங்கையில் எடுத்திருந்தான். மானிப்பாய்ச் சுவரில் அதைத் தன் கையால் வைத்து, ஓரத்தை மங்கலாக்கி, அடியில் கொஞ்சம் பச்சை சேர்த்தவன் அவன். இருபது வருசத்தில் முதல்தரம் ஒரு மனிதன் நம்பியிருக்கிறான். நம்பினது மட்டுமா, கழுவச் சொல்கிறான். சந்தோசத்தில் டினேஸுக்கு உடம்பு கூசியது. அந்த இடத்தில், அந்த நிமிசத்தில், "தம்பி, அது படம்" என்று மூன்று சொல் சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை.

"ஓம்," என்றான். "அடிச்சிடுறன்."

வீட்டில் ஏசியே இல்லை. சுவரில் சாந்தும் பூசவில்லை. டினேஸ் கணினியில் வடிசலை அழித்தான், நாலு நிமிசத்தில் படம் வந்தது. ஆனால் அவன் தொழில்காரனல்லவா, உடனே அனுப்பவில்லை. ஆள் பிடிக்க ஒரு நாள், அடிக்க ஒரு நாள், காய ஒரு நாள் என்று யோசித்து நாலாம் நாள்தான் அனுப்பினான். புதுப் பெயின்ற் அடித்த இடம் பழைய சுவரோடு முழுசாகச் சேராமல் ஒரு சாயல் வித்தியாசமாகத் தெரிய வேண்டும் என்பதையும் மறக்கவில்லை. பிரகாஸின் தாய் அதைக் கண்டுபிடித்து, "அடிச்ச இடம் கொஞ்சம் தெரியுது, பரவாயில்லை," என்றாளாம். அதைக் கேட்டு அவனுக்கு இன்னும் சந்தோசம்.

அதற்குப் பிறகு நிற்கவில்லை. டிலக்ஷியின் வருங்கால மாமியாருக்குக் குசினி பார்க்க வேண்டும், குசினி அனுப்பினான். கிணறு அனுப்பினான். குசினிப் படத்துக்கு மூன்று நாள் மினக்கெட்டான், யன்னலால் தெரிகிற மாமரத்தின் நிழல் தண்ணீர்த் தொட்டியில் விழ வேண்டும் என்று. பேசினபடி கலியாணம் ஆவணியில், அதற்கிடையில் கடன்பட்டாவது கூரையைப் போட்டுவிடலாம், அப்போது பொய்யும் உண்மையாகிவிடும் என்று மனதுக்குச் சொல்லிக்கொண்டிருந்தான். அந்த மூன்று நாளிலும் மேசன் கனகரத்தினம் இரண்டு தரம் போன் எடுத்தார், கூரைக்கு மரம் பார்த்து வைத்திருக்கிறேன் என்று சொல்ல. டினேஸ் எடுக்கவில்லை. நிழல் சரியாக விழவில்லை என்ற கோபத்தில் இருந்தான். வீட்டைக் கட்ட வேண்டிய நாள்களில் வீட்டைப் பற்றிய பொய்யைக் கட்டிக்கொண்டிருந்தவனை என்னவென்று சொல்வது? எனக்கு அவனில் இரக்கம் உண்டு. ஆனால் இந்த இடத்துக்கு வரும்போது எரிச்சல்தான் வருகிறது.

தவக்காலம் தொடங்கிய கிழமை டிலக்ஷி அறைக்கு வந்தாள். முன்பள்ளி விட்டு நேரே மானிப்பாய்க்குப் பஸ் ஏறிப்போய், அங்கிருந்து வந்திருக்கிறாள். செருப்பில் ஆட்டுப் புழுக்கை ஒட்டியிருந்தது.

"அவர் என்னட்டைக் கேக்கிறார், குசினி யன்னலாலை மாங்காய் எட்டுமோ எண்டு. எனக்கு விளங்கேல்லை. போய்ப் பாத்தனான். யன்னலே இல்லை, ஓட்டைதான் கிடக்கு." அவள் குரல் உயரவில்லை. "அண்ணை, அவையளுக்கு என்ன காட்டினீங்கள்?"

காது சிவந்து அவன் எல்லாவற்றையும் சொன்னான். அவள் நின்றபடியே கேட்டாள்.

"எனக்கு அந்த மனுசனைப் பிடிச்சிருக்கு," என்றாள். "முப்பது வயசிலை முதல்முதல் ஒருத்தரைப் பிடிச்சிருக்கு. வீடில்லை எண்டு சொன்னா அவர் வேண்டாமெண்டு போவார் எண்டு நான் நினைக்கேல்லை. போனாலும் போகட்டும். பொய்யோடை என்னை அனுப்பாதேங்கோ. நீங்களே சொல்லுங்கோ. உங்கடை வாயாலை வந்தால்தான் சரி."

"சொல்லுறன். உயிர்ப்புப் பெருநாளுக்கு முந்திச் சொல்லுறன்."

சொல்லவில்லை. ஒவ்வொரு நாளும் போனைக் கையில் எடுப்பான். அந்தப் பக்கம் "சொல்லுங்கோ மச்சான்" என்ற குரல் கேட்டதும் மழையைப் பற்றியும் மீன் விலையைப் பற்றியும் கதைத்துவிட்டு வைப்பான். பெரிய வெள்ளி வருகிற பெரிய கிழமையில் பாவசங்கீர்த்தனத்துக்குப் போனான். கோபப்பட்டதைச் சொன்னான், இரண்டு ஞாயிறு பூசைக்குப் போகாததைச் சொன்னான், இதைச் சொல்லவில்லை. படம் செய்வது பத்துக் கட்டளையில் எந்தக் கட்டளைக்குள் வருகிறது என்று தனக்கே ஒரு வழக்காடி, தானே தீர்ப்பும் சொல்லிக்கொண்டான்.

உயிர்த்த ஞாயிறு கழிந்து மறுநாள் டிலக்ஷி மறுபடி மானிப்பாய்க்குப் போனாள். தன் போனால் இரண்டு படம் எடுத்து பிரகாஸுக்கு அனுப்பினாள். "இதுதான் எங்கடை வீடு. நீங்கள் பாத்தது அண்ணை கம்பியூட்டரிலை செய்த படம். முந்தியே சொல்லாதது பிழை. இனி உங்கடை விருப்பம்," என்று எழுதினாள். மறைவு ஒன்றும் இல்லாத நாலு வசனம். இந்தக் குடும்பத்தில் துணிச்சல் முழுவதும் அவளுக்குத்தான் கிடைத்தது.

அன்று வானம் மூடியிருந்தது. மூடின வானத்தில் நிழல் விழாது. சாந்து பூசாத கல்லுச் சுவர், கீழே சாம்பல் நிற மண், மேலே சாம்பல் நிற வானம், எல்லாம் ஒரே மட்டமாகத் தெரிந்தன. போனைக் கொஞ்சம் சரித்துப் பிடித்திருந்தாள், சுவர்கள் விழப்போகிற மாதிரிச் சாய்ந்து நின்றன. டினேஸ் பிறகு அந்தப் படத்தைப் பார்த்தபோது, தன் முதல் சீடிக் காலத்துப் படம் ஒன்றைப் பார்ப்பதுபோல் இருந்ததாம்.

இரண்டு நாள் பிரான்சிலிருந்து சத்தமில்லை. அந்த இரண்டு நாளில் நடந்தது இதுதான். பிரகாஸின் தாய் மரியதாஸுக்குப் போன் எடுத்தாள். வீட்டை நேரே போய்ப் பார்த்தேன் என்று மரியதாஸ் முன்பே அடித்துச் சொல்லியிருந்தவர். இப்போது இல்லை என்றால் அவருடைய தொழில் போய்விடும், பிரான்சில் எங்கள் சனம் புழங்குகிற லாச்சப்பல் முழுக்க நாறிவிடும். ஆகவே மனுசன் கண்ணை மூடிக்கொண்டு சொன்னார், வீடு முடிந்துதான் கிடக்கிறது, நான் என் கண்ணால் கண்டேன், பெட்டைக்குத்தான் மனம் வேறெங்கேயோ போலக் கிடக்கு, அதுதான் யாருடையதோ பாழ் வளவைப் படமெடுத்து அனுப்பித் தட்டிக் கழிக்கப் பார்க்கிறாள் என்று.

மூன்றாம் நாள் காலை பிரகாஸ் எடுத்தான். டினேஸ் வீட்டில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தான். டிலக்ஷி வந்து முன்னால் நின்று, போனைச் சத்தமாக விடும்படி கையால் காட்டினாள். சிசிலியா குசினி வாசலில் நின்றாள்.

"ஒண்டைத்தான் கேக்கிறன்," என்றான் பிரகாஸ். மச்சான் என்ற சொல் வரவில்லை. "எது உண்மையான படம்?"

"தங்கச்சி அனுப்பினதுதான்," என்றான் டினேஸ். கடைசியில் சொல்லிவிட்டான். "மற்றது நான் செய்தது. வீடு இன்னும் முடியேல்லை."

பிரகாஸ் நம்பவில்லை.

"தங்கச்சியைக் காப்பாத்தச் சொல்லுறியள். எனக்கு விளங்குது."

"இல்லைத் தம்பி. ஆணையாச் சொல்லுறன். அது கம்பியூட்டர் படம்."

"அவ அனுப்பினதுதான் கம்பியூட்டர் படம் மாதிரிக் கிடக்கு. நிழலில்லை, ஒண்டுமில்லை. இப்ப போனிலை ரெண்டு சொல் எழுதினா எந்தப் படமும் வரும், இஞ்சை சின்னப் பிள்ளையளே செய்யுதுகள். உங்கடை வீட்டிலை ஊத்தை வடிஞ்சு கிடந்தது. நான் சொல்லித்தானே பெயின்ற் அடிச்சனீங்கள். அடிச்ச இடத்தை அம்மா கண்டவ. ஊத்தையை ஆர் பொய்யாச் செய்வினம்?"

"நான் செய்தனான்," என்றான் டினேஸ். "நான்தான் செய்தனான்."

வேண்டுமானால் கணினியைத் திறந்து, சுவரைக் கழற்றி, ஊத்தையைக் கழற்றி, வெறும் கம்பிக்கூடாகக் காட்டுகிறேன் என்றான். யாரையும் அனுப்பி வளவைப் பாருங்கள் என்றான். கெஞ்சினான். பிரகாஸ் குறுக்கே பேசாமல் கேட்டான். கெட்ட பொடியனில்லை. அவன் சொன்ன பதிலில் கோபம்கூட இல்லை, களைப்புத்தான் இருந்தது.

"இனிப் பாத்து என்ன? வீடு இருந்தா உங்கடை தங்கச்சி பொய். வீடு இல்லாட்டி நீங்கள் பொய். இதிலை எதைப் பிடிச்சுக்கொண்டு நான் கலியாணம் கட்டுறது?"

டிலக்ஷி போனுக்குக் கிட்ட வந்தாள். "பிரகாஸ்," என்றாள்.  அவன் போனை வைத்துவிட்டான். அவள் அன்று நாலு தரம் எடுத்துப் பார்த்தாள். ஐந்தாம் தரம் போகவில்லை. இலக்கத்தை மறித்துவிட்டான்.

மரியதாஸ் தன் பொய்யைப் பிரான்சோடு விட்டிருக்கலாம். தொழில் பயம் பொல்லாதது, ஊருக்குள்ளும் கொண்டுவந்து விட்டார். பெட்டைக்கு ஆரோடோ தொடர்பு, அதுதான் நல்ல இடம் கைவிட்டுப் போனது என்று கோயில் வாசலில் கதைத்தார்கள். வீடு இருக்கிறதா இல்லையா என்று ஒருவரும் மானிப்பாய்க்குப் போய்ப் பார்க்கவில்லை. வீட்டைப் பற்றி யாருக்கு வேண்டும், பெட்டையைப் பற்றிய கதைதானே ருசி. முன்பள்ளியில் இரண்டு தாய்மார் பிள்ளைகளை வேறு இடத்தில் சேர்த்தார்கள். டினேஸ் மரியதாஸின் வீட்டு வாசலுக்குப் போய்ச் சத்தம் போட்டான். அதற்கும் ஊர் ஒரு அர்த்தம் வைத்திருந்தது, தங்கையின் மானத்தைக் காக்கத் தமையன் படாதபாடு படுகிறான் என்று. கோயில் வாசலில் நின்று, அந்தப் படம் நான் செய்தது என்று நாலு பேருக்குச் சொன்னான். ஒருவர் அவன் தோளில் தட்டி, "நல்ல தமையன்," என்றார்.

அதற்குப் பிறகு அவன் கணினியைத் திறக்கவில்லை என்று எழுதினால் நல்லாயிருக்கும். அப்படி நடக்கவில்லை. திங்கட்கிழமை திருநெல்வேலிக்குப் போனான், வேலைகள் கிடந்தன. கனடாக்காரர் ஒருவருக்கு மாடி வீடு. ஊத்தை போடாமல் பளபளவென்று செய்து அனுப்பினான். அவருக்கு நல்லாய்ப் பிடித்தது. கூரை மரத்துக்குக் கனகரத்தினத்தைக் கேட்டபோது, அது எப்போதோ வேறு ஆளுக்குப் போய்விட்டதென்றார்.

ஆனி மாதத்தில் ஒரு மத்தியானம் டிலக்ஷி குசினியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். சிசிலியா பூசைக்குப் போயிருந்தாள். டினேஸ் தண்ணீர் குடிக்க உள்ளே போனான். அந்தச் சம்பவத்துக்குப் பிறகு அவள் அவனோடு சண்டை பிடித்ததில்லை. சாப்பாடு போட்டுத் தருவாள், உடுப்பு எடுத்து வைப்பாள். அவன்தான் அவள் திட்ட மாட்டாளா என்று காத்துக்கொண்டிருந்தான்.

"ஒண்டு கேக்கட்டே?" என்றாள், தலையைத் தூக்காமல்.

"கேள்."

"அண்டைக்கு அவர் பெயின்ற் அடிக்கச் சொன்ன நேரம் நீங்கள் ஏன் ஓம் எண்டனீங்கள்? என்ரை கலியாணம் குழம்பிப் போடும் எண்ட பயத்திலையோ?"

அவன் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். பயத்தில்தான் என்று சொல்லியிருக்கலாம். அவளுக்காகத்தான் செய்தேன் என்று சொல்ல அவளே வழி திறந்து விட்டிருந்தாள். கோயில் வாசலில் ஊரே அதைத்தான் நம்புகிறது.

"இல்லை," என்றான். "உன்னை நான் நினைக்கவே இல்லை. சந்தோசமா இருந்தது. அதுதான்."

டிலக்ஷி கத்தியைக் கீழே வைத்துவிட்டு முதல்தரமாக அவனை நிமிர்ந்து பார்த்தாள். இருபது வருசத்தில் அவன் காட்டினதில் இதை மட்டும் அவள் உடனே நம்பினாள்.